கேளுங்க, சொல்றேன்: இந்தியானாவுக்கு வந்த புது கோச்

போன இதழ்ல அமெரிக்காவுல இருக்கிற இந்தியானா யுனிவர்சிட்டி ஃபுட்பால் டீம் பத்தி ஒரு பக்கம் எழுதியிருந்தேன். 2023ல 12 ஆட்டத்துல 3 தான் ஜெயிச்சாங்க, கர்ட் சிக்னெட்டின்னு ஒரு புது ஹெட் கோச் வந்தாரு, 2024ல அதே டீம் 11 ஜெயிச்சுது, இதான் அதுல இருந்த விஷயம். அதுக்கு இவ்ளோ கேள்வி வரும்னு நான் எதிர்பார்க்கல, அதனால இந்த வாரம் பங்கு மார்க்கெட், விசா கேள்வி எல்லாத்தையும் ஒதுக்கி வெச்சுட்டு இதை மட்டும் எடுத்துக்கிட்டேன். நான் இருக்கிறது இண்டியானாபொலிஸ்ல, ஸ்டேடியம் இருக்கிற ப்ளூமிங்டன் கார்ல ஒரு மணி நேரம். பத்து வருஷமா போய்ப் பார்த்துக்கிட்டிருக்கேன், அதனால கொஞ்சம் நீளமாவே பேசுவேன், பொறுத்துக்கோங்க.

ஈரோட்டுல இருந்து ஒரு கல்லூரி மாணவர்: அண்ணா, ஃபுட்பால்னு எழுதுறீங்க, ஃபோட்டோவுல பார்த்தா எல்லாரும் ஹெல்மெட் போட்டு பந்தைக் கையில வெச்சுக்கிட்டு ஓடுறாங்க. இது என்ன ஆட்டம்? காலேஜ் பசங்க ஆடுறதுக்கு ஏன் இவ்ளோ கூட்டம்?

நம்ம ஊர் கால்பந்துக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல தம்பி. கபடி தெரியும்ல, ஒரு ரெய்டு போறாங்க, சில செகண்ட்ல முடியுது, திரும்ப எல்லாரும் கோட்டுக்கு வந்து நிக்கிறாங்க, இதுவும் அப்படித்தான் விட்டு விட்டு நடக்கும். ஒரு பக்கம் 11 பேர். பந்து வெச்சிருக்கிற டீமுக்கு 4 வாய்ப்பு, அதுக்குள்ள 10 கஜம் முன்னாடி போயிடணும், போயிட்டா புதுசா 4 வாய்ப்பு, போகலன்னா பந்து எதிராளிக்கு. எல்லைக் கோடு வரைக்கும் கொண்டு போயிட்டா டச்டவுன், 6 பாயின்ட். பின்னாடி நின்னு பந்தை வாங்கி, யாருக்கு எறியலாம்னு ரெண்டு மூணு செகண்ட்ல முடிவு பண்றவர் தான் குவார்ட்டர்பேக். இவ்ளோ தெரிஞ்சா இந்தப் பக்கத்துக்குப் போதும்.

கூட்டத்துக்குக் காரணம் ஊர்ப் பாசம். பெரிய லீக் டீம் எல்லாம் பெரிய நகரத்துல தான் இருக்கும், சின்ன ஊர்க்காரங்களுக்கு அவங்க காலேஜ் தான் அவங்க டீம். மிச்சிகன், ஒஹாயோ ஸ்டேட் ஸ்டேடியத்துல எல்லாம் ஒரு லட்சம் பேருக்கு மேல உக்காரலாம், நம்ம சேப்பாக்கத்தை விட ரெண்டு மடங்குக்கும் மேல. அங்க ஹெட் கோச்னா கிரிக்கெட் கோச் மாதிரி ஓரமா உக்காந்து நோட்ஸ் எழுதுறவர் இல்ல. எந்தப் பையனைச் சேக்கணும், கூட யார் யார் கோச்சா இருக்கணும், வாரம் முழுக்க பசங்க என்ன செய்யணும், ஆட்டத்துல ரிஸ்க் எடுக்கலாமா வேணாமா, எல்லாம் அவர் முடிவு. அதனால தான் ஒரு ஆள் மாறினா மொத்தமும் மாற முடியுது.

திருச்சி வாசகி: ஒரே வருஷத்துல 3ல இருந்து 11ன்னா நம்ப முடியல. உண்மையிலேயே என்ன பண்ணாரு அந்த மனுஷன்?

இதுக்கு நிதானமா பதில் சொல்லணும், ஏன்னா எல்லாரும் 'மேஜிக்'னு ஒரு வார்த்தையில முடிச்சுடுறாங்க, எனக்கு அதுல உடன்பாடு இல்ல.

முதல்ல அந்த டீம் எவ்ளோ ஆழத்துல இருந்துச்சுன்னு தெரியணும். அமெரிக்க காலேஜ் ஃபுட்பால் மேல்மட்டத்துல முதல்முதலா 700 தோல்வியைத் தொட்ட டீம் இந்தியானா. தனியா பிக் டென் (இந்தியானா ஆடுற லீக்) சாம்பியன் ஆனது 1945ல, அப்புறம் 1967ல மத்த டீம்களோட சேர்ந்து பகிர்ந்துக்கிட்டது, சீசன் முடிஞ்சு நல்லா ஆடின டீம்களுக்கு நடக்கிற பௌல் ஆட்டம் ஒண்ணைக் கடைசியா ஜெயிச்சது 1991ல. ஒரு சீசன்ல 10 ஆட்டம் ஜெயிச்சதா சரித்திரமே கிடையாது. அந்த ஊர் பேஸ்கட்பால் ஊர், அதுல 5 தடவை தேசிய சாம்பியன், ஃபுட்பால்ங்கிறது பேஸ்கட்பால் சீசன் ஆரம்பிக்கிற வரைக்கும் பொழுது போறதுக்குன்னு தான் பாதி பேர் நினைச்சாங்க.

சிக்னெட்டி 2023 நவம்பர் கடைசில வந்தாரு, அப்ப அவருக்கு 62 வயசு. அதுக்கு முன்னாடி வர்ஜீனியாவுல ஜேம்ஸ் மேடிசன் யுனிவர்சிட்டில 5 வருஷம், 52 வெற்றி 9 தோல்வி. வந்தவுடனே அவர் பண்ண முதல் வேலை, கூட வேலை பார்த்தவங்களை அப்படியே கூட்டிட்டு வந்தது. அட்டாக்குக்கு மைக் ஷனஹான், டிஃபென்ஸுக்கு பிரையன்ட் ஹெய்ன்ஸ், ரெண்டு பேரும் அவரோட வருஷக்கணக்கா சேர்ந்து வேலை பார்த்தவங்க, அதனால யாருக்கும் எதையும் புதுசா சொல்லித்தர வேண்டியிருக்கல. ரெண்டாவது, பசங்க. இப்ப அங்க டிரான்ஸ்ஃபர் போர்ட்டல்னு ஒண்ணு இருக்கு, ஒரு காலேஜ்ல ஆடுற பையன் அதுல பேர் கொடுத்துட்டா வேற காலேஜ் கூப்பிடலாம், முன்ன மாதிரி ஒரு வருஷம் சும்மா உக்கார வேண்டியதில்ல. அது வழியா ஜேம்ஸ் மேடிசன்ல இருந்து மட்டும் 13 பேர் அவர் பின்னாடியே வந்துட்டாங்க. டிஃபென்ஸ் நடுவுல லைன்பேக்கர் ஏடன் ஃபிஷர், டிஃபென்ஸ் ஓரத்துல மிக்கைல் கமாரா, எதிராளில பந்து பிடிக்கிறவரைத் தடுக்கிற கார்னர்ல டி'ஆஞ்செலோ பாண்ட்ஸ், பந்து பிடிக்கிறதுக்கு எலைஜா சராட், இப்படி.

இங்க தான் விஷயமே இருக்கு. பெரிய காலேஜ் எல்லாம் பள்ளிக்கூடத்துல இருந்து வர்ற பையனோட உயரம், எடை, ஓடுற வேகம் பார்த்து 'இவன் ஒரு நாள் பெரிய ஆளா வருவான்'னு எடுப்பாங்க. சிக்னெட்டி 'வருவான்' கணக்கே பார்க்கிறதில்ல, 'செஞ்சிருக்கானா'ன்னு பார்க்கிறாரு. பாண்ட்ஸ் உயரம் 5 அடி 9 அங்குலம் தான், பெரிய காலேஜ் எதுவும் அவரைத் துரத்திக்கிட்டு வரல. ஆனா ஜேம்ஸ் மேடிசன்ல ஒரு சீசன் முழுக்க எதிராளியோட நல்ல ஆட்டக்காரனை அடக்கிக் காட்டியிருக்காரு, அது போதும்னு கூட்டிட்டு வந்தாரு. 2024ல ஃபிஷர் 118 டேக்கிள் (பந்தோட வர்றவரை மடக்கித் தள்ளுறது), கமாரா 10 சாக் (குவார்ட்டர்பேக்கைப் பந்து எறியிறதுக்கு முன்னாடியே கீழ தள்ளுறது), சராட் பந்தைப் பிடிச்சு 957 கஜம். சின்ன ஊர்ல ஜெயிச்சுப் பழகின பசங்க பெரிய ஊருக்கு வந்து அதையே திரும்பச் செஞ்சாங்க, அவ்ளோதான். வீட்டுக்கு மேஸ்திரி தேடுறப்ப நாம என்ன பண்றோம், அவர் கட்டி முடிச்ச வீட்டைப் போய்ப் பார்த்துட்டு வர்றோம்ல, அந்த மாதிரி.

இன்னொண்ணும் சொல்லணும், பழைய டீம்ல இருந்தவங்களையும் அவர் துடைச்சு எறியல. வேலை செய்யத் தயாரா இருந்தவங்க தங்கினாங்க, அவங்களும் அந்த 11 வெற்றில பங்கு உள்ளவங்க தான். பிராக்டிஸை அவர் நீளமா இழுக்க மாட்டாரு, குறைஞ்ச நேரம், ஆனா ஒரு நிமிஷம் வீணாகாது. ஒரு பிளே (பந்து ஆரம்பிச்சு நிக்கிற வரைக்கும்) 6 செகண்ட், முதல் பிளேயும் நூத்தம்பதாவது பிளேயும் ஒண்ணுதான், ஸ்கோர்போர்டைப் பார்க்காதேன்னு திரும்பத் திரும்பச் சொல்வாரு. கேட்க எளிமையா இருக்கும், ஆனா 40 பாயின்ட் முன்னாடி இருக்கிறப்பவும் ஒரு தப்புக்கு அவர் முகம் இறுகுறதை நான் நேர்ல பார்த்திருக்கேன், அப்பதான் இந்த மனுஷன் சொல்றதை நம்பித்தான் சொல்றாருன்னு எனக்குப் புரிஞ்சுது.

நாகர்கோவில், ஓய்வு பெற்ற தமிழாசிரியர்: வேலையில் சேர்ந்த சில வாரங்களிலேயே "நான் ஜெயிப்பேன், கூகுள் பண்ணிப் பாருங்கள்" என்று அவர் சொன்னதாக எழுதியிருந்தீர்கள். நிறைகுடம் தளும்பாது என்பார்களே, இது கர்வம் இல்லையா?

ஐயா, நீங்க கேட்டது சரியான கேள்வி, நானும் முதல்ல முகம் சுளிச்சேன். 2023 டிசம்பர் பிரஸ் மீட்ல, பசங்க கிட்ட உங்களை எப்படி நம்ப வைக்கிறீங்கன்னு கேட்டாங்க, அதுக்குத்தான் அந்தப் பதில். அதுக்கு முன்னாடியே ஒரு பேஸ்கட்பால் ஆட்டத்துக்கு நடுவுல மைக்கைக் கையில வாங்கி, போட்டி காலேஜ்களான பர்டூ, மிச்சிகன், ஒஹாயோ ஸ்டேட் மூணு பேரையும் ஒரே மூச்சுல வம்புக்கு இழுத்தாரு.

ஆனா ஐயா, அவர் கடந்து வந்த பாதையைப் பார்த்தா அந்தப் பேச்சு வேற மாதிரி கேட்கும். அப்பா ஃபிராங்க் சிக்னெட்டியும் பெரிய கோச், மேற்கு வர்ஜீனியாவுல இருந்தவர், அப்புறம் பென்சில்வேனியாவுல இந்தியானான்னே ஒரு ஊர் இருக்கு, அந்த ஊர்ல இருக்கிற சின்ன யுனிவர்சிட்டில 20 வருஷம் கோச்சா இருந்தாரு, அங்க மைதானத்துக்கே அவர் பேர் தான். மகன் அலபாமாவுல நிக் சேபன்ங்கிற பேர் பெற்ற ஹெட் கோச் கிட்ட 2007ல இருந்து உதவி கோச், தேசிய சாம்பியன் டீம்ல இருந்தவர். அந்த இடத்தை விட்டுட்டு 2011ல, கிட்டத்தட்ட 50 வயசுல, அப்பா இருந்த அதே சின்ன காலேஜுக்கு ஹெட் கோச்சா போனாரு. சம்பளம் பெருசா குறைஞ்சுது, டிவில ஆட்டம் வராது, சுத்தி இருந்தவங்களுக்கு இவர் ஏன் இப்படிப் பண்றாருன்னு புரியல. அங்க 6 வருஷம், எலான்ல 2 வருஷம், ஜேம்ஸ் மேடிசன்ல 5 வருஷம். ஹெட் கோச்சா ஒரு சீசன்ல கூட வெற்றியை விட தோல்வி அதிகமா போனதில்ல. அப்படி இருந்தும் பெரிய காலேஜ் ஒண்ணும் 62 வயசு வரைக்கும் கூப்பிடல.

அதோட அந்தப் பேச்சு யாருக்காகன்னும் பார்க்கணும். தோத்துத் தோத்து, தோக்கிறது தான் நம்ம இயல்புன்னு ஊரே பழகிப் போயிருந்துச்சு. வந்து நின்னு 'போகப் போகப் பார்க்கலாம்'னு பணிவா பேசியிருந்தா, இன்னொரு கோச்னு எல்லாரும் தலையாட்டிட்டுப் போயிருப்பாங்க. அவர் சத்தமா சொன்னதால, நிறைவேத்தலன்னா சிரிப்பாங்கங்கிற பாரம் முழுக்க அவர் தலையில விழுந்துச்சு, பசங்க தலையில இல்ல. என் மனசுக்கு அது கர்வமா படல ஐயா, பொறுப்பை இழுத்துப் போட்டுக்கிட்ட மாதிரி தான் பட்டுச்சு. ஜெயிக்க ஆரம்பிச்ச அப்புறம் மைதானத்துல அவர் சிரிச்சு நான் பார்த்தது ரொம்பக் குறைவு.

விருதுநகர் வாசகர்: அப்போ பழைய கோச் திறமை இல்லாதவரா?

இல்லவே இல்ல. டாம் ஆலன் நல்ல மனுஷன், அந்த மாநிலத்துக்காரர், 'ஒருத்தரை ஒருத்தர் நேசிங்க'ங்கிறது தான் அவர் டீமோட முழக்கமே. 2019ல 8 ஜெயிச்சாரு, கோவிட் வந்த 2020ல 6 வெற்றி 2 தோல்வி, பென் ஸ்டேட்டை எக்ஸ்ட்ரா டைம்ல 36-35ன்னு சாய்ச்ச நாள் ஊரே தூங்கல. அதுக்கப்புறம் 3 வருஷம் சேர்த்து 9 வெற்றி, 27 தோல்வி, அதோட அனுப்பிட்டாங்க. போர்ட்டல் வந்து உலகம் மாறினப்ப அவருக்கு அது கைகொடுக்கல. அவரை மட்டமா பேசி புது கோச்சை உசத்துறவங்களோட நான் சேர மாட்டேன்.

கோவை, கல்லூரி வாலிபால் வீராங்கனை: அந்த குவார்ட்டர்பேக் முட்டி ஜவ்வு கிழிஞ்சே சீசன் முழுக்க ஆடினாருன்னு ஒரு வரி எழுதியிருந்தீங்க. எனக்கும் அதே அடி பட்டிருக்கு. எப்படி முடிஞ்சுது அவரால?

தங்கச்சி, முதல்ல உனக்கு ஒண்ணு சொல்லிடுறேன், அவரைப் பார்த்து நீ அதைச் செய்யாத, உன் டாக்டரும் ஃபிசியோவும் சொல்றதை மட்டும் கேளு.

கர்ட்டிஸ் ரூர்க், கனடாக்காரர், ஒன்டாரியோவுல ஓக்வில். ஒஹாயோ யுனிவர்சிட்டில (ஒஹாயோ ஸ்டேட் வேற, இது சின்னது) ஆடிக்கிட்டிருந்தவர், கடைசி வருஷத்துக்கு இந்தியானா வந்தாரு. 2022லயே ஒரு தடவை ஏசிஎல் (அந்த முட்டி ஜவ்வு தான்) கிழிஞ்சு ஆபரேஷன் ஆகி மீண்டு வந்தவர். 2024 ஆகஸ்ட்ல, சீசன் ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி பிராக்டிஸ்ல, அதே முட்டில திரும்பவும். ஆபரேஷன் பண்ணா சீசன் போச்சு, அதோட காலேஜ் வாழ்க்கையே முடிஞ்சுது. பண்ணாம ஆடினாரு. வெளியில யாருக்கும் தெரியாது, சீசன் முடிஞ்சு ஜனவரில ஆபரேஷன் நடந்தப்ப தான் செய்தியே வந்துச்சு, அதைப் படிச்சுட்டு நான் மூணு மாசம் பார்த்த ஆட்டத்தையெல்லாம் மனசுல திரும்ப ஓட்டிப் பார்த்தேன். அவர் அதிகமா ஓடாம நின்ன இடத்துல இருந்தே பந்தை எறிஞ்சது, அடி வாங்கி எழுந்திருக்கிறப்ப ஒரு காலை முன்னாடி ஊணி மெதுவா எழுந்தது, அப்ப அது அவர் ஸ்டைல்னு தான் நான் நினைச்சேன்.

இதுக்கு நடுவுல அக்டோபர் 19ல நெப்ராஸ்கா ஆட்டத்துல பந்து எறியிற வலது கை கட்டைவிரல்ல அடி, நகம் பிளந்து ஆபரேஷன். அந்த ஆட்டத்தை டீம் 56-7ன்னு ஜெயிச்சுது, அடுத்த வாரம் வாஷிங்டன் ஆட்டத்துக்கு டேவன் ஜாக்ஸன் இறங்கி 31-17ன்னு ஜெயிச்சுக் கொடுத்தாரு. அதுக்கு அடுத்த வாரமே ரூர்க் கையில கட்டோட மிச்சிகன் ஸ்டேட்ல (மிச்சிகன் வேற) வந்து நின்னாரு. அந்த ஆட்டத்துல தான் சீசன்லயே முதல் தடவையா டீம் பின்னாடி போச்சு, 0-10. அங்கிருந்து எதிராளிக்கு ஒரு பாயின்ட் கூட விடாம 47 அடிச்சாங்க, ரூர்க் 4 டச்டவுன் எறிஞ்சாரு. மொத்த சீசனுக்கும் 3,042 கஜம், 29 டச்டவுன். வருஷத்தோட சிறந்த காலேஜ் ஆட்டக்காரருக்குக் கொடுக்கிற ஹைஸ்மன் விருது ஓட்டுல 9வது இடம் வந்தாரு.

நீ தேறி வந்து திரும்ப கோர்ட்ல குதிக்கணும், அந்தச் செய்தியை எனக்கு எழுது.

டாலஸ்ல இருந்து ஒரு வாசகர்: உண்மையைச் சொல்லுங்க சார், 2024ல அவங்க ஜெயிச்சது எல்லாம் சொத்தை டீம். பெரிய டீம் ரெண்டு வந்துச்சு, ரெண்டுலயும் தோத்தாங்க. பிளேஆஃப் (தேசிய சாம்பியனை முடிவு பண்ற நாக்அவுட்) இடம் அவங்களுக்குக் கொடுத்ததே தப்பு.

அந்த வருஷம் டிவில இதைத்தான் தினமும் கேட்டேன், அதனால கணக்கைப் பிரிச்சுச் சொல்றேன். ஆரம்பத்து ஆட்டம் சுலபம் தான், ஒத்துக்குறேன், வெஸ்டர்ன் இல்லினாய்ஸை 77-3ன்னு அடிச்சதுல பெருமை ஒண்ணும் இல்ல. ஆனா சீசனுக்கு முன்னாடி பிக் டென்ல இருக்கிற 18 டீம்ல இந்தியானாவுக்கு 17வது இடம்னு பத்திரிகைக்காரங்க எழுதினாங்களே, அப்ப அவங்க கணக்குப்படி இந்தியானா தானே சொத்தை டீம்? லாஸ் ஏஞ்சலஸ் போய் யூசிஎல்ஏவை 42-13, மேரிலேண்டை 42-28, வரிசையா அடிச்சாங்க. நவம்பர் 9ல வந்தது மிச்சிகன், முந்தின சீசனோட தேசிய சாம்பியன். முதல் பாதில 17-3ன்னு முன்னாடி போனாங்க, ரெண்டாவது பாதில அட்டாக் அப்படியே நின்னு போச்சு, மிச்சிகன் ஒவ்வொண்ணா ஏறி 17-15 ஆக்கிட்டாங்க, ஸ்டேடியத்துல யாரும் மூச்சு விடல. கடைசில ஒரு ஃபீல்டு கோல் (பந்தைக் கம்பங்களுக்கு நடுவுல உதைச்சா 3 பாயின்ட்), 20-15. பத்தாவது வெற்றி.

ஒஹாயோ ஸ்டேட்ல 38-15ன்னு தோத்தது உண்மை, அன்னைக்கு மோசமாவே ஆடினாங்க. ரூர்க்கை 5 தடவை பந்தோட கீழ தள்ளினாங்க, பண்ட் (பந்தை எதிராளி பக்கம் தூரமா உதைச்சு அனுப்புறது) அடிக்கிறவர் பந்தைக் கையில வாங்கத் தடுமாறினாரு, இன்னொரு பண்ட்டை கேலப் டவுன்ஸ் பிடிச்சு நேரா டச்டவுனுக்கு ஓடிட்டாரு. பிளேஆஃப்ல டிசம்பர் 20ல நாட்டர் டேம் கிட்ட 27-17, அதுல கடைசி ஒண்ணரை நிமிஷத்துல அடிச்ச ரெண்டு டச்டவுன் ஸ்கோரை அழகாக்குச்சு, ஆட்டம் அவ்ளோ நெருக்கமா இல்ல, ஜெரமாயா லவ் 98 கஜம் ஓடினப்பவே பாதி உயிர் போயிடுச்சு. இதெல்லாம் நான் மறைக்கல.

ஆனா ஒண்ணு பாருங்க. அந்த வருஷம் தேசிய ஃபைனல்ல மோதினது யாரு? ஒஹாயோ ஸ்டேட்டும் நாட்டர் டேமும். நாட்டுலயே முதல் ரெண்டு இடம் வந்த டீம்கள் கிட்ட மட்டும் தோத்த ஒரு டீமுக்கு 12 டீம் ஆடுற பிளேஆஃப்ல இடம் கொடுத்தது தப்புன்னா, வேற யாருக்குக் கொடுத்திருக்கணும்?

தஞ்சாவூர், ஒரு தாயார்: என் மகன் பர்டூ பல்கலைக்கழகத்துல படிக்கிறான். உங்க கட்டுரையை அனுப்பினேன், கோவிச்சுக்கிட்டு ரெண்டு நாள் ஃபோன் எடுக்கல. என்னங்க அது வாளி சமாச்சாரம்?

அம்மா, அவன் கோபம் நியாயமானது, 2024 நவம்பர் 30 அவங்களுக்கு ரொம்ப வலிச்ச நாள். பர்டூவும் இந்தியானாவும் ஒரே மாநிலம், 1925ல இருந்து ஒரு பழைய ஓக் மர வாளிக்காக ஆடுறாங்க. கிணத்துல தண்ணி இறைக்கிற வாளி தான், தங்கமும் இல்ல வெள்ளியும் இல்ல. அதுல ஒரு சங்கிலி தொங்கும், ஒவ்வொரு வருஷமும் ஜெயிச்சவங்க பேரோட முதல் எழுத்தை உலோகத்துல செஞ்சு ஒரு கண்ணியா கோத்துடுவாங்க. பர்டூ எழுத்து தான் அதுல ரொம்ப அதிகம், அதை உங்க மகன் கிட்ட மறக்காம சொல்லுங்க. அன்னைக்கு இந்தியானா 66-0ன்னு ஜெயிச்சுது, அந்த வாளிக்கு நடந்த ஆட்டத்துலயே இவ்ளோ பெரிய இடைவெளி இருந்ததில்ல, ரூர்க் மட்டும் 6 டச்டவுன். அந்த சீசன்ல பர்டூ 12ல 1 தான் ஜெயிச்சுது, மறுநாளே அவங்க கோச்சை அனுப்பிட்டாங்க.

ஒரு வருஷம் முன்னாடி இந்தியானா இருந்த நிலைமையும் கிட்டத்தட்ட அதுதான். ஃபோன் எடுத்தப்புறம் அவன் கிட்ட இதைச் சொல்லுங்கம்மா, ஏன்னா இப்ப பர்டூல உக்காந்திருக்கிற பசங்களோட மனசு எனக்கு நல்லாவே தெரியும்.

சேலம் வாசகர்: எல்லாம் பணம் சார். காசு கொட்டினா யார் வேணும்னாலும் ஜெயிக்கலாம்.

பணம் இல்லாம நடக்காது, சரி. 2021 ஜூலைல இருந்து காலேஜ் ஆட்டக்காரங்க தங்களோட பேரையும் முகத்தையும் வெச்சு சம்பாதிக்கலாம்னு ஆச்சு, 2025 ஜூலைல இருந்து காலேஜே நேரா பசங்களுக்குக் கொடுக்கலாம். இந்தியானாவுலயும் செலவு பண்ணாங்க. சிக்னெட்டிக்கும் 2024 நவம்பர்லயே 8 வருஷத்துக்கு 7.2 கோடி டாலர்னு புது ஒப்பந்தம் போட்டாங்க, ஆனா தேதியைப் பாருங்க, அது 10 ஆட்டம் ஜெயிச்சதுக்கு அப்புறம். இவங்களை விட எவ்வளவோ அதிகமா செலவு பண்ற காலேஜ் நிறைய, வருஷா வருஷம் புது கோச், புது பசங்க, அதே தோல்வி. எல்லார் கையிலயும் பணம் இருக்கிறப்ப யாரை எடுக்கிறோம்ங்கிறது தான் வித்தியாசம் பண்ணுது, சிக்னெட்டி அந்த வித்தையை சின்ன காலேஜ்கள்ல 13 வருஷம் கத்துக்கிட்டவர்.

சென்னை, ஒரு ஐடி ஊழியர்: 2025 சீசன்ல 16க்கு 16 ஜெயிச்சு தேசிய சாம்பியனே ஆயிட்டாங்க. அதை விட்டுட்டு ஏன் முதல் சீசனையே பிடிச்சுக்கிட்டிருக்கீங்க?

அந்த சீசனைப் பத்தியும் எழுதுவேன், மறக்கல. டிசம்பர்ல ஒஹாயோ ஸ்டேட்டை 13-10, ரோஸ் பௌல்ல அலபாமாவை 38-3, அப்புறம் ஆரிகனை 56-22, ஜனவரி 19ல ஃபைனல்ல மயாமியை அவங்க சொந்த ஸ்டேடியத்துலயே 27-21. புது குவார்ட்டர்பேக் ஃபெர்னாண்டோ மென்டோசா ஹைஸ்மனே வாங்கிட்டாரு. ஆனா உத்துப் பாருங்க, ஒஹாயோ ஸ்டேட் ஆட்டத்துல இந்தியானாவோட ஒரே டச்டவுனைப் பிடிச்சது சராட். ஆரிகன் ஆட்டத்துல முதல் பிளேயிலயே பந்தைப் பறிச்சு டச்டவுன் போட்டது அந்த 5 அடி 9 அங்குல பாண்ட்ஸ். ஃபைனல்ல பண்ட்டைத் தடுத்தது கமாரா. மூணு பேரும் 2024ல சிக்னெட்டி பின்னாடி வந்தவங்க. கோப்பை 2026ல வந்துச்சு, விதை போட்டது முதல் சீசன்ல, அதனால தான் நான் அங்கயே நிக்கிறேன்.

மதுரை வாசகி: நீங்க நேர்ல பார்த்ததுல மறக்க முடியாதது ஒண்ணு சொல்லுங்க.

மிச்சிகன் ஆட்டம். ஆனா ஆட்டத்துக்குள்ள இல்ல, முடிஞ்சதுக்கு அப்புறம்.

என் சீட்டுக்குப் பக்கத்து சீட்ல ஒரு பெரியவர், எழுபது தாண்டியிருக்கும், முப்பது வருஷத்துக்கு மேல சீசன் டிக்கெட் வாங்குறவர். பழைய நாள்ல மூணாவது குவார்ட்டர் (ஆட்டம் மொத்தம் 4 குவார்ட்டர்) பாதில அவர் எழுந்துடுவாரு, அதுக்குள்ள நாங்க 20, 25 பாயின்ட் பின்னாடி இருப்போம், "டிராஃபிக்குக்கு முன்னாடி கிளம்புறேன்"னு என் தோள்ல தட்டிட்டு பெட்ஷீட்டை மடிச்சுக்கிட்டு போவாரு. அது ஒரு பேச்சுக்குத்தான், ஏன்னா டிராஃபிக்கே இருக்காது, ஸ்டேடியம் பாதி காலியா தான் கிடக்கும். அன்னைக்கு கடைசி செகண்ட் வரைக்கும் நின்னாரு. 20-15ன்னு முடிஞ்சதும் அவர் கத்தல, குதிக்கல, போர்டையே பார்த்துக்கிட்டு நின்னாரு, நானும் அவர் பக்கத்துலயே நின்னேன், கீழ பசங்க எல்லாம் கட்டிப் பிடிச்சுக்கிட்டிருந்தாங்க.

வெளியில வந்தா பார்க்கிங்ல ஒரு கார் கூட நகரல. புல்தரை முழுக்க சிவப்பு பின்லைட்டா இருந்துச்சு, நல்லா இருட்டிடுச்சு, ஒரு மணி நேரத்துல எங்க வரிசை பத்து அடி நகர்ந்திருக்கும். அவர் கார் எனக்கு முன்னாடி. இறங்கி என் ஜன்னல் கிட்ட வந்தாரு, ஏதோ குறை சொல்லப் போறாருன்னு நினைச்சேன். இத்தனை வருஷம் வந்தும் இந்த கேட்ல இவ்ளோ நேரம் நின்னதே இல்லன்னாரு, சொல்றப்ப முகமெல்லாம் சிரிப்பு. அப்புறம் ஃபிளாஸ்க்கைத் திறந்து மூடில எனக்குக் காபி ஊத்திக் கொடுத்துட்டு, கார் பானட் மேல சாய்ஞ்சு நின்னுக்கிட்டு, முதல் குவார்ட்டர்ல இருந்து ஒவ்வொரு பிளேயா திரும்பச் சொல்ல ஆரம்பிச்சாரு.